மரபைக் கூரையில் தேடாதீர்கள்

கேள்வி: துருக்கியக் கட்டடக்கலைஞர் ஜெங்கிஸ் பெக்தாஷைப் பழமையும் புதுமையும் கலந்து கட்டிய கவிஞர் என்று புகழ்கிறார்கள். அவர் கட்டிய எத்திமெஸ்குத் மசூதியின் படத்தைப் பார்த்தேன். குவிமாடமே இல்லை, எல்லாம் வெறும் கான்கிரீட். இதில் துருக்கிய மரபு எங்கே? கவிஞர் என்பதற்காகத் தூக்கிப் பிடிக்கிறார்களா?

பதில்: குவிமாடம் இல்லை, சரிதான். 1960களில் அங்காராவை ஒட்டி ராணுவத்தினருக்காகக் கட்டிய மசூதி அது. சுவர்களைத் துண்டு துண்டாக நிறுத்தி, இடுக்குகள் வழியாக வெளிச்சத்தை உள்ளே விட்டிருக்கிறார். ஆனால் மரபை நீங்கள் கூரையில் தேடுகிறீர்கள். அவர் அதை வீட்டுக்குள்ளே தேடியவர்.

பழைய துருக்கிய வீடு ஒன்றைப் பாருங்கள். கீழ்த்தளம் கல்; தெரு எப்படி வளைகிறதோ அப்படியே சுவரும் வளையும். மேல்தளம் மரச்சட்டம், இடையில் சுடாத செங்கல். அந்த மேல்தளத்தைத் தெருப்பக்கம் கொஞ்சம் நீட்டிக் கட்டி, கோணல் மனையின் மேலேயே நேரான அறையை எடுத்துவிடுவார்கள். அறையில் கட்டில், மேசை எதுவும் கிடையாது. சுவரோரம் செதிர் என்ற நீள இருக்கை. படுக்கையெல்லாம் யூக்லுக் என்ற சுவர் அலமாரியில் மடித்துக் கிடக்கும், ராத்திரி எடுத்து விரித்தால் தூங்கும் அறை, காலையில் சுருட்டி வைத்தால் உட்கார்ந்து பேசும் அறை, நடுவில் பெரிய வட்டத் தட்டைக் கொண்டுவந்து வைத்தால் சாப்பிடும் அறை, பல வீடுகளில் அந்த அலமாரிக்குள்ளேயே குளிக்கவும் ஒரு சின்ன இடம் ஒதுக்கியிருப்பார்கள். எல்லா அறைகளும் சோஃபா என்ற பொதுக் கூடத்தில் திறக்கும். நாம் சாய்ந்து உட்காரும் சோஃபாவின் பெயரும் இந்தச் சொல்வழிதான். ஒரு பக்கம் திறந்த தாழ்வாரமாக இருந்தால் அதை ஹயாத் என்பார்கள். துருக்கியில் வாழ்க்கைக்கும் அதே உச்சரிப்புதான். நம் முஸ்லிம் வீடுகளில் ஆயுளை ஹயாத்து என்பார்களே, அது.

1934இல் தெனிஸ்லியில் பிறந்து, 1959இல் மியூனிக்கில் பட்டம் வாங்கியவர் பெக்தாஷ். ஊர் திரும்பியபின் இந்த வீடுகளைப் பற்றிப் புத்தகம் புத்தகமாக எழுதினார். வீட்டை உள்ளிருந்து வெளியே யோசி, பக்கத்தில் கிடைக்கும் பொருளை எடு, மனித உடம்பை வைத்து அளவு போடு, சிக்கனமாகக் கட்டு, நாளைக்கு மாற்றிக்கொள்ள இடம் விடு: பழைய கொத்தனாரிடம் அவர் கண்டது இதைத்தான். நவீனக் கட்டடக்கலை பேசியதும் ஏறக்குறைய இதையேதான். அதனால் 'கலந்தார்' என்ற சொல்லே எனக்கு ஒப்பவில்லை. கான்கிரீட் மேல் ஓடு வேய்வதுதான் கலப்பு, அதை அவர் செய்யவில்லை. அந்தாலியாவில் அக்தெனிஸ் பல்கலைக்கழக வளாகத்தில் கட்டிய ஒல்பியா மையத்தைப் பாருங்கள். சிதறிக் கிடந்த கட்டடங்களுக்கு நடுவே கல்லும் மரமுமாக, நிழலோடும் ஓடும் தண்ணீரோடும், மாணவர்கள் நடந்துகொண்டே சந்தித்துக்கொள்ள ஒரு தெருவை உண்டாக்கினார். 2001இல் கட்டடக்கலைக்கான ஆகா கான் விருது கிடைத்தது அதற்கு.

அப்புறம், கவிஞர் என்ற விஷயம். கவிதை அவருக்குப் பட்டப்பெயர் இல்லை, வாழ்நாள் முழுக்க எழுதினார், தொகுப்புகள் பல உண்டு. ஆனால் அவரைக் கட்டடக்காரராக எடைபோட கவிதை தேவையே இல்லை, குஸ்குன்ஜுக் போதும். இஸ்தான்புல்லின் ஆசியக் கரையில் உள்ள இந்தப் பழைய குடியிருப்பில், தேவாலயமும் மசூதியும் பக்கத்துப் பக்கத்தில் நிற்கும். 1970களின் கடைசியில் அங்கே குடிபோய், பழைய வீட்டைச் செப்பனிட்டு, அக்கம்பக்கத்தாரைச் சேர்த்துக்கொண்டு தெருப் படிக்கட்டைத் திறந்தவெளி அரங்காக்கினார், குழந்தைகளோடு சுவரில் படம் வரைந்தார்.

அவர் பின்னால் கலைஞர்களும் கட்டடக்கலைஞர்களும் வந்து வீடு வாங்கினார்கள், இடத்தின் மதிப்பு ஏறியது, வாடகை ஏறியது, காலங்காலமாக இருந்த ஏழைக் குடும்பங்களுக்கு அங்கே இருப்பது கஷ்டமானது. ஆராய்ச்சியாளர்கள் இதைத் தொடங்கி வைத்தவர் என்று அவரையே காட்டுகிறார்கள். அவர் விரும்பி நடந்ததாக நான் நினைக்கவில்லை, ஆனாலும் அந்தக் குறை நியாயமானது. 2020இல் அவர் காலமாகிவிட்டார், வாடகை இன்னும் ஏறிக்கொண்டுதான் இருக்கிறது. அவரிடம் கேட்க வேண்டிய கேள்வி அது. குவிமாடத்தை விடுங்கள்.