அழைக்கப்படாத நாட்டின் வரைபடம்

கேள்வி: 1938-இல் செக்கோஸ்லோவாக்கியாவிடம் வலுவான இராணுவம் இருந்ததாகப் படித்தேன். அப்படியிருந்தும் போரிடாமலே எல்லைப்பகுதியை ஹிட்லரிடம் ஒப்படைத்தது ஏன்? இது கோழைத்தனம் அல்லவா?

பதில்: அப்படிச் சொல்வது அந்த மக்களுக்குச் செய்யும் அநீதி. செப்டம்பர் 23 அன்று அணிதிரள ஆணை வந்ததும் பத்து லட்சத்துக்கும் மேற்பட்டோர் படையில் சேர்ந்தார்கள். ஆனால் அதற்கு இரண்டு நாள் முன்பே, நள்ளிரவு கடந்த வேளையில் அதிபர் பெனெஷை எழுப்பிய பிரிட்டன், பிரான்சு தூதர்கள், ஜெர்மன் மொழி பேசுவோர் மிகுதியாக வாழ்ந்த எல்லைப்பகுதியான சூடெட்டன்லாந்தைக் கொடுக்க மறுத்துப் போர் மூண்டால் தங்கள் உதவியை எதிர்பார்க்க வேண்டாம் என்று சொல்லிவிட்டார்கள். பிரான்சோ ஒப்பந்தத்தால் கட்டுண்ட நட்பு நாடு. பிரான்சு முதலில் உதவினால்தான் சோவியத் உதவியும் வரும் என்பது 1935 உடன்படிக்கையின் நிபந்தனை. ஆகவே ஒரு கை விலகியதும் மறு கையும் தானே விலகியது.

செப்டம்பர் 29 அன்று ஜெர்மனியின் மியூனிக் நகரில் ஹிட்லர், இத்தாலியின் முசோலினி, பிரிட்டன் பிரதமர் சேம்பர்லின், பிரான்சு பிரதமர் தலாதியே ஆகிய நால்வரும் பேசியபோது, செக் பிரதிநிதிகள் இருவர் விடுதி அறையில் காத்திருக்க வைக்கப்பட்டார்கள். விடியலுக்கு முன் அவர்களை அழைத்து, முடிந்துபோன ஒப்பந்தத்தையும் வரைபடத்தையும் கையில் கொடுத்தார்கள்; பதில் எதிர்பார்க்கப்படவில்லை என்றும் தெரிவித்தார்கள். அப்போது சேம்பர்லின் கூச்சமின்றிக் கொட்டாவி விட்டுக்கொண்டே இருந்ததாக அவர்களில் ஒருவர் பதிவு செய்திருக்கிறார். எத்தனை முறை படித்தாலும் அந்த வரி என் மனத்தை அறுக்கிறது.

இழந்தது வெறும் நிலமல்ல. மலையோரக் கோட்டைகளும் அரண்களும் அந்தப் பகுதியில்தான் இருந்தன. அவை போனபின் ‘முடியாது’ என்று சொல்லும் வலிமையே நாட்டுக்கு இல்லாமற்போனது. அடுத்த மார்ச்சில் பெர்லினுக்கு வரவழைக்கப்பட்ட, பெனெஷுக்குப் பின் அதிபரான ஹாகாவிடம், தலைநகர் பிராகின்மீது குண்டு வீசப்படும் என்று ஜெர்மன் விமானப்படைத் தலைவர் கோரிங் மிரட்டினார். மயங்கி விழுந்த முதியவருக்கு ஊசி போட்டுத் தெளிவித்து, நாட்டை ஒப்படைக்கும் ஆவணத்தில் கையொப்பம் வாங்கினார்கள். 1939 மார்ச் 15 காலையில், பனி பொழிய, ஜெர்மன் படை பிராகில் நுழைந்தது.

ஆயுதம் பெருக்கப் பிரிட்டனுக்கு மியூனிக் அவகாசம் தந்தது என்பார்கள். விமானப்படையைப் பொறுத்தவரை அதில் உண்மை உண்டு. ஆனால் அதே அவகாசத்தில் செக் ஆயுதக்கிடங்குகளும் ஆயுதம் செய்யும் ஸ்கோடா தொழிற்சாலையும் ஹிட்லர் கைக்குப் போயின. 1940-இல் பிரான்சுக்குள் புகுந்த ஜெர்மன் டாங்கிகளில் கணிசமானவை செக் நாட்டில் செய்யப்பட்டவை.