கரும்பு எல்டிஆர் துண்டு: மெட்டாவிரிடேயா, சூடோவிரிடேயா?

மொரிஷியஸின் ரெதுயியில் வெட்டிய கரும்பு இலையில் கிடைத்த எல்டிஆர் (இரு முனைகளிலும் ஒரே மாதிரி வரும் நீண்ட டிஎன்ஏ வரிசை) கொண்ட துண்டு இந்த இரண்டு வைரஸ் குடும்பங்களில் எது என்று கேட்டிருந்தீர்கள். என்வ் (வைரஸ் உறைப் புரதம்) போன்ற மரபணு இருக்கிறதே என்று மெட்டாவிரிடே என முடிவு கட்டாதீர்கள். இன்டெக்ரேஸ் (துண்டைச் செல்லின் டிஎன்ஏவுக்குள் செருகும் நொதி) நிற்கும் இடம்தான் கணக்கு. ரிவர்ஸ் டிரான்ஸ்கிரிப்டேஸுக்கு (ஆர்என்ஏவை டிஎன்ஏவாக நகலெடுக்கும் நொதி) முன்னால் வந்தால் சூடோவிரிடே, அதாவது கோப்பியா வகைத் தாவும் துண்டு. ஆர்என்ஏஸ் எச்-க்கும் (நகலெடுத்த பின் ஆர்என்ஏவை வெட்டும் நொதி) பின்னால் வந்தால் மெட்டாவிரிடே.

உங்களைக் குழப்புவது பெரும்பாலும் சைர்வைரஸ் பேரினமாக இருக்கும். சூடோவிரிடேயைச் சேர்ந்ததுதான், ஆனாலும் சோளம், சோயா போன்ற செடிகளில் சிலவற்றில் என்வ் மாதிரி ஒரு சட்டகம் (புரதமாகப் படிக்கக்கூடிய பகுதி) ஒட்டியிருக்கும். பிளாஸ்ட் (வரிசைகளை ஒப்பிட்டுத் தேடும் கருவி) முடிவின் முதல் வரியை மட்டும் பார்த்தால் ஏமாறுவோம்.

செய்து பாருங்கள்:

1. இரண்டு எல்டிஆர்களும் டிஜி என்ற டிஎன்ஏ எழுத்துகளில் தொடங்கி சிஏ-வில் முடிகின்றனவா? துண்டின் இரு பக்கமும், வெளியே, ஒரே 5 பேஸ் (டிஎன்ஏ எழுத்து) இரட்டிப்பு இருக்கிறதா?

2. நடுப்பகுதியை ஆறு சட்டகங்களிலும் மொழிபெயர்த்து, 'ஒய்-வி-டி-டி' என்ற அமினோ அமில வரிசை போன்ற ரிவர்ஸ் டிரான்ஸ்கிரிப்டேஸ் அடையாளத்தைத் தேடுங்கள். பிறகு இன்டெக்ரேஸின் எச்எச்சிசி துத்தநாக விரல் (துத்தநாகத்தைப் பிடிக்கும் புரதப் பகுதி) அதற்கு இடப்பக்கமா வலப்பக்கமா என்று குறியுங்கள்.

இன்டெக்ரேஸே அகப்படவில்லையா? ரெதுயி வயலில் வெட்டிய இலை என்கிறீர்கள். கரும்பில் பேட்னாவைரஸ் (செடிகளைத் தாக்கும் ஒரு டிஎன்ஏ வைரஸ்) சகஜம். அது காலிமோவிரிடே: ரிவர்ஸ் டிரான்ஸ்கிரிப்டேஸ் உண்டு, இன்டெக்ரேஸும் எல்டிஆரும் கிடையாது. எல்டிஆர் உள்ள இன்னொரு குடும்பமான பெல்பாவோவிரிடேயை விட்டுவிடலாம், அது விலங்குகளில்தான்.

ஒன்று மட்டும் கவனம்: ஒரு துண்டுக்குள் இன்னொன்று புகுந்திருந்தால் இந்த வரிசை பொய் சொல்லும். அப்போது ரிவர்ஸ் டிரான்ஸ்கிரிப்டேஸ் பகுதியை மட்டும் வெட்டி, தெரிந்த வரிசைகளோடு சேர்த்துப் பரிணாம உறவைக் காட்டும் மர வரைபடம் போடுங்கள்.