காசு எங்கே நிற்கிறது? சிறுதொழில் கேள்வி பதில்

நெல்லை, தென்காசி, தூத்துக்குடிப் பக்கத்து வாசகர்கள் கேட்டவற்றில் சில. கணக்குகளில் வரும் விலைகள் எல்லாம் உதாரணத்துக்குத்தான். உங்கள் ஊர் விலையைப் போட்டுப் பாருங்கள்.

வீட்டிலேயே அப்பளம் போட்டு அம்பாசமுத்திரம் கடைகளுக்குக் கொடுக்கிறேன். 200 கிராம் பாக்கெட் 60 ரூபாய். நானும் இன்னும் இரண்டு பெண்களும் வேலை செய்கிறோம். சரக்கு தங்குவதே இல்லை. ஆனாலும் மாதக் கடைசியில் கையில் ஒன்றும் மிஞ்சவில்லையே, ஏன்?
வாசகி, கல்லிடைக்குறிச்சி

உங்கள் கூலியை நீங்கள் கணக்கில் எழுதவில்லை. பெரும்பாலும் காரணம் அதுதான்.

ஒரு நாள் கணக்கைப் போட்டுப் பார்ப்போம். உளுந்து மாவு 10 கிலோ, கிலோ 130 வீதம் 1,300 ரூபாய். உப்பு, அப்பளக்காரம், பெருங்காயம், எண்ணெய் 150. மூன்று பேர் கூலி, ஆளுக்கு 400 வீதம் 1,200. கவரும் லேபிளும் பாக்கெட்டுக்கு 3 ரூபாய் வீதம் 150. ஆட்டோ, பஸ் செலவு 100. இடவாடகை, மின்சாரம், தேய்மானம் 200. ஆக 3,100. காய்ந்து, உடைந்தது கழிந்து விற்கிற அப்பளம் 10 கிலோ தேறினால் 50 பாக்கெட். அடக்கம் ஒன்றுக்கு 62 ரூபாய்.

இதில் உங்கள் 400 ரூபாயை விட்டுவிட்டால் அடக்கம் 54 ஆகத் தெரியும். 60க்குக் கொடுத்து 6 ரூபாய் லாபம் என்று நினைப்பீர்கள். உண்மையில் பாக்கெட்டுக்கு 2 ரூபாய் நஷ்டம். அந்த நஷ்டத்தை உங்கள் உழைப்பு மூடிக்கொண்டிருக்கிறது. நாளைக்கு உங்களுக்கு உடம்புக்கு முடியாமல் போய், அந்த இடத்தில் ஓர் ஆளைப் போட்டால் தொழில் கட்டுப்படியாகாது.

விலையைக் கடையிலிருந்து பின்னோக்கிப் போடுங்கள். உறையில் 95 ரூபாய் அச்சிட்டு, கடைக்காரருக்கு 20 சதவீதம், அதாவது 19 விட்டால் உங்களுக்கு 76. உடைந்து திரும்பி வருவதற்கு 2 ரூபாய் ஒதுக்குங்கள். அடக்கம் 62 போக 12 ரூபாய் நிற்கும். அந்த விலைக்குக் கடைக்காரர் இசையவில்லை என்றால் கூலி நேரத்தைத்தான் குறைக்க வேண்டும். மாவு இடித்துப் பிசைய எவ்வளவு நேரம், தேய்க்க எவ்வளவு நேரம் என்று ஒரு வாரம் எழுதி வையுங்கள். பிசைவதற்கு மட்டும் ஒரு சிறு இயந்திரம் போட்டாலே பல வீடுகளில் அரை ஆள் வேலை மிச்சமாகும். தேய்ப்பதை அவசரப்பட்டு இயந்திரத்துக்கு மாற்ற வேண்டாம். உங்கள் ஊர் அப்பளத்தை ஊர்ப் பேர் சொல்லிக் கேட்டு வாங்குபவர்கள் அந்தக் கைப்பக்குவத்துக்குத்தான் வருகிறார்கள்.

திரும்பி வரும் சரக்கைப் பற்றியும் சொல்ல வேண்டும். அளவுக்கு மீறிக் காய்ந்தால் ஓரம் வெடித்து, கடைக்குப் போகும் வழியிலேயே நொறுங்கும். ஈரம் நின்றால் ஒன்றோடொன்று ஒட்டிப் பூஞ்சணம் பிடிக்கும். வெயிலிலிருந்து எடுத்த சூட்டோடு கவரில் அடைத்தால், ஆறும்போது உள்ளேயே வேர்த்து அந்த ஈரம் பூஞ்சணமாகும். நிழலில் நன்றாக ஆறிய பிறகே அடையுங்கள். பொரித்தால் சிவக்கிறது என்று புகார் வந்தால் அப்பளக்காரம் கூடியிருக்கும். பொரிவது குறைந்தால் உளுந்து பழசு. திரும்பி வந்த ஒவ்வொரு பாக்கெட்டிலும் காரணத்தை எழுதி வைத்தால், ஒரே மாதத்தில் எந்தக் குறை அதிகம் என்று தெரிந்துவிடும்.

உங்கள் பக்கம் ஆனி, ஆடியில் சாரல்; ஐப்பசி, கார்த்திகையில் அடைமழை. அந்த நாட்களில் விற்கப் பங்குனி, சித்திரை வெயிலிலேயே சரக்குச் சேர்த்து வைக்கலாம், அல்லது சூரிய உலர்த்தி போடலாம். எதைச் செய்தாலும் அதற்கான பணத்தை முன்கூட்டியே ஒதுக்க வேண்டும்.

இன்னொன்று. அப்பளத்துக்கு ஜி.எஸ்.டி. கிடையாது. அப்பளம் மட்டுமே விற்றால் பதிவும் தேவையில்லை. ஆனால் கவருக்கு நீங்கள் கட்டும் ஜி.எஸ்.டி. திரும்பக் கிடைக்காது; அதையும் அடக்கத்தில் சேருங்கள். உறையில் தயாரிப்பாளர் பெயர், முகவரி, நிகர எடை, தயாரித்த மாதம், ஆண்டு, அதிகபட்ச விலை, கிராம் ஒன்றுக்கான விலை, புகார் எண், உணவுப் பாதுகாப்புத் துறையின் 14 இலக்க எண் ஆகியவை இருக்க வேண்டும்.

காற்றாலைப் பராமரிப்புக்கு இரும்பு பாகங்கள் செய்து கொடுக்கிறேன். மாதம் 4 லட்சத்துக்கு பில். வாங்கும் நிறுவனம் 120 நாள் கழித்துத்தான் பணம் தருகிறது. கேட்டால் ஆர்டர் போய்விடுமோ என்று பயம்.
வாசகர், பணகுடி

மாதம் 4 லட்சம், நான்கு மாதம்: உங்கள் காசு 16 லட்சம் எப்போதும் அவர்களிடம் நிற்கிறது. அந்தத் தொகைக்கு 12 சதவீத வட்டி ஆண்டுக்கு 1,92,000 ரூபாய். உங்கள் ஆண்டு விற்பனை 48 லட்சம். அதில் இது 4 சதவீதம். உங்களுக்கு லாபமே 8 சதவீதம் என்றால் பாதியை வட்டி தின்றுவிட்டது. போதாததற்கு, பணம் வராவிட்டாலும் அடுத்த மாதமே அந்த பில்லுக்கான ஜி.எஸ்.டி.யை நீங்கள் கட்டியாக வேண்டும். லாபக் கணக்குக் காட்டும் பட்டறைகள் பூட்டப்படுவது இப்படித்தான்.

சட்டம் உங்கள் பக்கம் இருக்கிறது. 2006ஆம் ஆண்டின் குறு, சிறு, நடுத்தரத் தொழில் சட்டப்படி, எழுத்தில் ஒப்பந்தம் இருந்தாலும் 45 நாளுக்கு மேல் தவணை வைக்க முடியாது. ஒப்பந்தமே இல்லை என்றால் 15 நாள். சரக்கு போய்ச் சேர்ந்த 15 நாளுக்குள் குறை சொல்லி எழுத்தில் எதுவும் வராவிட்டால், சேர்ந்த நாளிலேயே ஏற்றுக்கொண்டதாகக் கணக்கு. தாமதித்தால் ரிசர்வ் வங்கியின் வங்கி வட்டி விகிதத்தைப் போல மூன்று மடங்கு, மாதக் கூட்டு வட்டியாகத் தர வேண்டும். இந்தப் பாதுகாப்பு குறு, சிறு நிறுவனங்களுக்கு மட்டுமே. வாங்கி விற்கும் வியாபாரிகளுக்கு இல்லை.

முதல் வேலை, உத்யம் பதிவு; குறு, சிறு, நடுத்தரத் தொழில்களுக்கான அரசுப் பதிவு அது. கட்டணம் கிடையாது, யாராவது காசு கேட்டால் கொடுக்காதீர்கள். பில் போடுவதற்கு முன்பே பதிவு இருக்கட்டும், பின்னால் வழக்காடும்போது அந்தத் தேதியைப் பிடித்துக்கொள்வார்கள். பிறகு பர்ச்சேஸ் ஆர்டரிலேயே ‘45 நாள்’ என்று எழுதி வாங்குங்கள். ஒவ்வொரு பில்லிலும் உத்யம் எண்ணும் பணம் வரவேண்டிய தேதியும் இருக்கட்டும். டெலிவரி சலானில் தேதியோடு கையெழுத்தும் முத்திரையும் வாங்காமல் வண்டியைத் திருப்ப வேண்டாம். இந்தக் கையெழுத்து இல்லாவிட்டால் வழக்கே தோற்கலாம்.

ஆர்டர் போய்விடும் என்ற பயம் நியாயமானது. அதனால் எடுத்த எடுப்பில் புகாருக்குப் போக வேண்டாம். வாங்கும் ஆளிடம் பேசுவதை விட்டு, அவர்களுடைய கணக்குப் பிரிவிடம் பேசுங்கள். வருமான வரிச் சட்டத்தில் 2024-25 மதிப்பீட்டு ஆண்டிலிருந்து ஒரு விதி இருக்கிறது: குறு, சிறு நிறுவனத்துக்குத் தரவேண்டிய பணத்தை அந்தக் கெடுவுக்குள் தராமல் நிதியாண்டும் முடிந்துவிட்டால், அந்த ஆண்டுச் செலவாகக் காட்ட முடியாது. 180 நாள் தாண்டினால், அந்த பில்லுக்காகத் தங்கள் வரியில் கழித்துக்கொண்ட ஜி.எஸ்.டி.யையும் அவர்கள் வட்டியோடு திருப்பிக் கட்ட வேண்டும். மாசியிலேயே நிலுவைப் பட்டியலை உத்யம் சான்றோடு கணக்காளருக்கு மின்னஞ்சலில் அனுப்பினால், பங்குனி பிறக்குமுன் பாதி வந்துவிடும்.

அந்த நிறுவனத்தின் ஆண்டு விற்பனை 250 கோடியைத் தாண்டினால் அவர்கள் டிரெட்ஸ் தளத்தில் பதிந்திருக்க வேண்டும். அவர்கள் ஏற்றுக்கொண்ட பில்லை அதில் வங்கி வாங்கிக்கொண்டு, சிறு கழிவு போக உங்களுக்குச் சில நாளில் பணம் தரும். அவர்கள் பிறகு கட்டத் தவறினாலும் வங்கி உங்களைக் கேட்காது. இவை எதுவும் பலிக்காதபோது, தாமதப் பணத்துக்குப் புகார் பதியும் அரசு இணையத் தளம் வழியாக, அந்தப் புகாரை விசாரிக்கும் வசதிக் குழுவுக்குப் போங்கள். அதற்குள் இன்னொரு வாடிக்கையாளரைப் பிடித்துவிட வேண்டும். விற்பனையில் பாதிக்கு மேல் ஒரே கையில் இருக்கும்வரை எந்தச் சட்டமும் அரைப் பலம்தான் தரும்.

நயினார்குளம் மார்க்கெட்டில் காய்கறி எடுத்து வண்ணார்பேட்டையில் தள்ளுவண்டியில் விற்கிறேன். 10,000 ரூபாய் தினவட்டிக்கு வாங்கினால் 8,500 கொடுத்து, தினம் 100 வீதம் 100 நாள் வசூலிக்கிறார்கள். 1,500தானே வட்டி, பரவாயில்லையா?
வாசகர், திருநெல்வேலி

பரவாயில்லை என்று சொல்லவே முடியாது. முதல் நாளிலிருந்தே அசலைத் திருப்பிக் கொடுத்துக்கொண்டு வருகிறீர்கள். ஆகவே 100 நாளில் சராசரியாக உங்கள் கையில் நின்றது சுமார் 4,250 ரூபாய்தான். அதற்கு 1,500 வட்டி என்றால் 35 சதவீதம். ஆண்டுக் கணக்கில் 125 சதவீதத்துக்கும் மேல்.

அரசின் ஸ்வாநிதி திட்டத்தில் தெருவோர வியாபாரிகளுக்கு முதல் தவணையாக 15,000 ரூபாய் வரை பிணை இல்லாமல் வங்கிக் கடன் உண்டு. ஒழுங்காகக் கட்டினால் அடுத்து 25,000, பிறகு 50,000. மாநகராட்சி தரும் வியாபாரி அடையாள அட்டை அல்லது பரிந்துரைக் கடிதம், ஆதார், வங்கிக் கணக்கு வேண்டும். அந்தக் கடனை வாங்கித் தினவட்டிக் கடனை அடைத்துவிடுங்கள். பிறகும் அதே 100 ரூபாயை நாள்தோறும் தனியே போட்டு வாருங்கள். 85 நாளில் 8,500 சேரும். அப்போது முதல் உங்கள் சொந்தக் காசு. கல்யாணம், காதுகுத்துக்கு அதில் கை வைக்கக் கூடாது, அதற்கு வேறு சீட்டுப் போடுங்கள். மிரட்டி வசூலித்தால் 2003ஆம் ஆண்டின் தமிழ்நாடு கந்துவட்டித் தடைச் சட்டப்படி காவல் நிலையத்தில் புகார் கொடுக்கலாம். கொடுத்த தொகைகளைத் தேதியோடு எழுதி வைத்திருந்தால் அதுவே உங்கள் ஆதாரம்.

நான் இட்லி மாவு கிலோ 45க்கு விற்கிறேன், தினம் 200 கிலோ. புதிதாக வந்த கம்பெனி 35க்குத் தருகிறது. நானும் இறக்கவா?
வாசகர், பாளையங்கோட்டை

அரிசி, உளுந்து, மின்சாரம், கவர் சேர்த்து கிலோவுக்கு 30 ரூபாய் ஆகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். 45க்கு விற்றால் 15 நிற்கிறது. 200 கிலோவுக்கு 3,000. 35க்கு இறக்கினால் 5தான் நிற்கும். அதே 3,000 வேண்டுமானால் 600 கிலோ விற்க வேண்டும். உங்கள் கிரைண்டர் அதற்குத் தாங்குமா?

நம் பக்கமே கண்ட பாடம் ஒன்று உண்டு. 1906இல் வ.உ.சி. தூத்துக்குடியில் தொடங்கிய சுதேசி நாவாய்ச் சங்கத்தின் மூலதனம் 10 லட்சம் ரூபாய், பங்கு ஒன்று 25 ரூபாய். போட்டியாக இருந்த ஆங்கிலக் கம்பெனி கொழும்புக் கட்டணத்தைக் குறைத்தது. சுதேசியும் குறைத்தது. கடைசியில் ஆங்கிலக் கம்பெனி பயணத்தை இலவசமாக்கி, குடையும் கொடுத்தது. 1908இல் வ.உ.சி.யைச் சிறையில் அடைத்ததும், ஆட்சியின் நெருக்கடியும் சேர, 1911இல் சங்கம் கலைந்தது. மக்கள் ஆதரவு இல்லாமல் இல்லை. விலைப் போரில் நீண்ட நாள் நஷ்டம் தாங்கும் பணம் ஒரு பக்கம் மட்டுமே இருந்தது.

ஆகவே விலையில் மோதாதீர்கள். காலை 5 மணிக்குள் டீக்கடைக்கும் மெஸ்ஸுக்கும் கொண்டு போய்க் கொடுப்பது, தோசைக்கும் இட்லிக்கும் தனித்தனிப் பதம், அன்று அரைத்த மாவு மட்டும் என்று உறுதியாக நிற்பது: இவற்றைத் தொலைவிலிருந்து குளிர்பெட்டியில் வரும் மாவு செய்ய முடியாது. வீட்டுக்காரர்களுக்காக அரைக் கிலோ பாக்கெட் போடுங்கள். வாரக்கூலி வீடுகளில் கிலோ விலையைவிட அன்றைக்குக் கொடுக்கிற நோட்டுத்தான் பெரிது.

முறுக்கு, சேவு கொல்லம் கடைகளுக்கு அனுப்புகிறேன். ஆண்டு விற்பனை 15 லட்சம். 40 லட்சம்வரை ஜி.எஸ்.டி. வேண்டாம் என்கிறார்களே?
வாசகர், செங்கோட்டை

அந்த வரம்பு தமிழ்நாட்டுக்குள் விற்பவருக்கு. வெளிமாநிலத்துக்கு வரியுள்ள சரக்கை விற்றால் முதல் ரூபாயிலிருந்தே பதிவு வேண்டும். விற்பனையில் 1 சதவீதம் மட்டும் வரியாகக் கட்டும் காம்போசிஷன் முறையிலும் நீங்கள் சேர முடியாது. உடனே பதிவு செய்யுங்கள்.

பதநீர்ப் பருவத்தில் ஒரு டன் கருப்பட்டி வாங்கி வைத்து, கார்த்திகையில் விற்கலாம் என்றிருக்கிறேன். கடன் வாங்கலாமா?
வாசகர், திசையன்விளை

கிலோ 250 என்றால் 2.5 லட்சம் ரூபாய். ஆறு மாத வட்டி, மாதம் 1 சதவீதம் வீதம், கிலோவுக்கு 15. கசிந்தும் உடைந்தும் 4 சதவீதம் போனால் 10. கிட்டங்கி, சாக்கு, ஏற்றுகூலி 5. அடக்கம் 280 ஆகிவிட்டது. கார்த்திகையில் 300க்கு மேல் எடுப்பேன் என்று சொல்லும் கடைகள் இப்போதே கையில் இருந்தால் ஒழிய வாங்க வேண்டாம். இருந்தாலும் ஒரே தடவையில் வேண்டாம். பங்குனி, வைகாசி, ஆனி என்று மூன்றாகப் பிரித்து வாங்குங்கள்.

பெரிய ஆபத்து சீனிக் கலப்பு. பனையேறிக்குப் பருவத்துக்கு முன்பே வியாபாரிகள் முன்பணம் கொடுத்து, அவர் சரக்கை அடிமாட்டு விலைக்கு முடக்கிவிடுகிறார்கள். கட்டுப்படியாகாத அவர் வேறென்ன செய்வார்? எடுக்கும் நாள் விலையைக் கொடுத்து, சில குடும்பங்களிடம் மட்டும் தொடர்ந்து வாங்குங்கள். ஒவ்வொருவர் சரக்கையும் தனித்தனியாகக் குறித்து வைத்து, அதில் மாதிரி எடுத்து அங்கீகாரம் பெற்ற ஆய்வகத்தில் சோதியுங்கள்.

மழை தொடங்குமுன் சாக்கைத் தரையிலிருந்து பலகை மேல் ஏற்றி, சுவரை ஒட்டாமல் அடுக்குங்கள். வாரம் ஒரு முறை அடிச் சாக்கைத் தொட்டுப் பாருங்கள். பிசுபிசுத்தால் அந்தச் சாக்கை அந்த வாரமே விற்றுவிடுங்கள்.