ஜூன் 21: லண்டனில் 9 மணிக்கும் வெயில், கோட்டையூரில் ஏன் இல்லை?

ஆச்சி, உங்கள் பேத்தி சொல்வது உண்மைதான். லண்டனில் ராத்திரி 9 மணிக்கும் வெயில் இருக்க, கோட்டையூரில் 6.40-க்கே பொழுது சாய்கிறதே, நமக்கும் ஜூன் 21-தானா ஆண்டின் நீண்ட பகல் என்று கேட்டிருந்தீர்கள்.

அதேதான். ஆனால் நாம் இருப்பது பூமத்திய ரேகைக்கு ஏறத்தாழ 10 பாகை வடக்கில். அன்றைய பகல் சுமார் 12 மணி 43 நிமிடம். டிசம்பரின் குறுகிய பகலைவிட 1 மணி 10 நிமிடம்தான் கூடுதல், அதுவும் காலைக்கும் மாலைக்குமாகப் பிரிந்துவிடுவதால் கண்ணில் படுவதில்லை. டெல்லியில் ஏறக்குறைய 14 மணி நேரம். 51.5 பாகையில் இருக்கும் லண்டனில் 16½ மணிக்கும் மேல். (கோடையில் அங்கே கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்னே தள்ளியும் வைப்பார்கள்.) நார்வேயின் டிரோம்சோவில் சூரியன் மறைவதே இல்லை.

பூமியின் அச்சு 23.4 பாகை சாய்ந்திருக்கிறது. ஜூனில் வடபாதி சூரியன் பக்கம் சாய்வதால், வடக்கே போகப் போக ஒரு ஊர் வெளிச்சத்தில் கழிக்கும் நேரம் கூடுகிறது.

வீட்டிலேயே இதைப் பார்க்கலாம். அன்று பகல் 12.17-க்கு முற்றத்தில் ஒரு மீட்டர் கம்பை நேராக நிறுத்துங்கள். நிழல் தெற்கே, சுமார் 24 செ.மீ. விழும், சூரியன் நம் உச்சிக்கு வடக்கே நிற்கிறது! பேத்தியையும் லண்டனில் மதியம் 1 மணி வாக்கில் அளக்கச் சொல்லுங்கள். அவருக்கு நிழல் வடக்கே, 53 செ.மீ. வரும்.