பரிசுச் சீட்டை ஈடு வைக்கலாமா?

கேள்வி: நாலு நம்பர் (4D) குலுக்கலில் ஸ்மாலில் (முதல் மூன்று பரிசுகளுக்கு மட்டும் கட்டும் முறை) 10 வெள்ளி கட்டியதற்கு முதல் பரிசு விழுந்திருக்கிறது. பணத்தை இப்போதே எடுத்தால் சொந்தக்காரர்கள் சூழ்ந்துகொள்வார்கள். டிக்கெட்டை ஈடாகக் கொடுத்தால் 20,000 வெள்ளி தருவதாக ஒருவர் சொல்கிறார். மாத வட்டி 10 விழுக்காடு. ஐசியையும் (அடையாள அட்டை) கொடுத்து வைக்கச் சொல்கிறார். இது சட்டப்படி செல்லுமா?
- வாசகர், பிறை, மலேசியா

பதில்: கொடுக்காதீர்கள், ஐயா. முதல் பரிசுக்கு ஒரு வெள்ளிக்கு 3,500 என்றால் உங்கள் கையில் இருப்பது 35,000 வெள்ளி. அதை அவரிடம் விட்டுவிட்டு 20,000-ஐக் கடனாக வாங்கி, மாதம் 2,000 வட்டியும் கட்டப்போகிறீர்களா?

நாலு நம்பர் டிக்கெட்டில் உங்கள் பெயர் இல்லை. கொண்டுபோய் நீட்டுகிறவருக்குத்தான் பணம். நாளை அவரே போய் வாங்கிக்கொண்டால், அது உங்கள் டிக்கெட் என்று எதைக் காட்டி நிரூபிப்பீர்கள்? குலுக்கல் நாளிலிருந்து 6 மாதத்துக்குள் கோராவிட்டால் பரிசே போய்விடும். டிக்கெட் அவர் கையில் இருந்தால் அந்தக் கெடுவும் அவர் கையில்தான். சூடு பட்டால் கறுக்கும் தாள் அது. பத்திரமாக இருக்கட்டும் என்று லேமினேட் செய்தால் எண் தெரியாமல் மொத்தமும் கறுத்துவிடும். இரண்டு பக்கமும் படம் எடுத்து, ஓர் உறையில் போட்டு, வெயில் படாத இடத்தில் வையுங்கள்.

இனி சட்டம். 1951ஆம் ஆண்டு வட்டிக்கடன் சட்டப்படி, உரிமம் பெற்றவர்கூட ஈடு உள்ள கடனுக்கு ஆண்டுக்கு 12 விழுக்காட்டுக்கும், ஈடில்லாக் கடனுக்கு 18 விழுக்காட்டுக்கும் மேல் வாங்கக்கூடாது. மாதம் 10 என்றால் ஆண்டுக்கு 120! அவரிடம் வீடமைப்பு, ஊராட்சி அமைச்சின் உரிமம் இல்லையென்றால் அந்தக் கடன் ஒப்பந்தம் நீதிமன்றத்தில் நிற்காது. உரிமமின்றிக் கடன் கொடுப்பவருக்கு 250,000 முதல் 10 லட்சம் வெள்ளி வரை அபராதமோ, 5 ஆண்டு வரை சிறையோ, இரண்டுமோ விதிக்கலாம். ஆனால் அவர் தண்டனை பெறுவதால் உங்கள் டிக்கெட் திரும்பி வராது. அடுத்தவர் ஐசியைப் பிடித்து வைப்பதும் தேசியப் பதிவு விதிகளின்படி குற்றம்.

இன்னொன்று: டிக்கெட் உரிமம் பெற்ற கடையில் வாங்கியதுதானே? தெரிந்தவரிடம் போனில் கட்டிய நம்பர் என்றால் பேச்சே வேறு. பந்தய ஒப்பந்தம் 1950ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டத்தின் 31ஆம் பிரிவின்படி செல்லாது. வென்ற தொகையைக் கேட்டு வழக்குப் போட முடியாது. கேட்கவே முடியாத பணத்தை எப்படி ஈடு காட்டுவது?

செய்ய வேண்டியது இதுதான். இவ்வளவு தொகையைச் சாதாரணக் கடையில் தரமாட்டார்கள். டிக்கெட்டோடும் ஐசியோடும் குலுக்கல் நடத்தும் நிறுவனத்தின் அலுவலகத்துக்கு நீங்களே போங்கள். நண்பரை அனுப்பினால் காசோலை அவர் பெயரில் வரும், பணமும் அவர் கைக்குப் போய்விடும். வாங்கியதற்கான தாளைப் பத்திரப்படுத்துங்கள்; பணம் எங்கிருந்து வந்தது என்று வங்கி கேட்கும்.

அந்த 35,000-ஐ உங்கள் பெயரில் நிரந்தர வைப்பில் போட்டால் அதுவே முறையான ஈடு. வங்கி அந்த வைப்பின் மேல் பிடிமானம் (கடன் தீரும்வரை அதை எடுக்க முடியாதபடி தடை) எழுதிக்கொண்டு கடன் தரும். வைப்புக்கு உங்களுக்கு வட்டியும் வந்துகொண்டிருக்கும். வைப்புக்கு 3, கடனுக்கு 5 விழுக்காடு என்று வைத்துக்கொண்டால், 20,000-க்கு ஆண்டில் உங்கள் கைவிட்டுப் போவது ஏறக்குறைய 400 வெள்ளி. அந்த 400-கூட எதற்கு? 20,000-ஐச் சேமிப்புக் கணக்கில் வைத்துச் செலவழியுங்கள், 15,000-ஐ மட்டும் வைப்பில் போடுங்கள். கடனே வேண்டாம். சொந்தக்காரர்கள் கேட்டால், பணம் வைப்பில் கிடக்கிறது, முதிர்வுக்கு முன் எடுத்தால் வட்டி போய்விடும் என்று சொல்லலாம்; அது உண்மையும்கூட.

ஐசியை ஏற்கெனவே கொடுத்துவிட்டிருந்தால் இன்றே திரும்பக் கேளுங்கள். தர மறுத்தால் தாமதிக்காமல் காவல் நிலையத்தில் புகார் எழுதுங்கள். ஐசி இல்லாமல் அந்தப் பரிசை உங்களால் வாங்க முடியாது.