உரிமையை ஆரிடம் கேட்பது? – கடிதமும் பதிலும்

வணக்கம் அக்கா,

பிரித்தானிய மெய்யியலாளர் ஒனோரா ஓநீல் பற்றி நீங்கள் எழுதியதை வாசித்தேன். உரிமையைப் பற்றிக் கதைக்கமுதல் கடமையைப் பற்றிக் கதைக்கவேண்டும் என்ற இடத்தில் எனக்குக் கோபம் வந்தது. யாழ்ப்பாணத்தில் கடமை என்ற பேச்சு யாருடைய வாயிலிருந்து வந்தது என்று உங்களுக்குத் தெரியும். பெண்பிள்ளைக்குக் கடமை, ஒடுக்கப்பட்ட சாதிக்குக் குடிமை என்ற கட்டாய ஊழியம். உரிமையைக் கேட்டுத்தான் நாங்கள் இவ்வளவு தூரம் வந்தோம்.

நான் ஒரு தொண்டு நிறுவனத்தில் வேலை செய்கிறேன். வலிகாமத்தில் ஒரு ஊரில், சுத்தமான தண்ணீர் மனித உரிமை என்று வகுப்பு எடுத்தபோது, தோட்டம் செய்யும் வயதானவர் ஒருவர் எழும்பி, "உரிமை இருக்கெண்டு சொல்லுறியள் பிள்ளை. அதை ஆரிட்டப் போய்க் கேக்கிறது?" என்றார். என்னிடம் பதில் இருக்கவில்லை. நீங்கள் என்ன சொல்லியிருப்பீர்கள்? ஓநீலை எங்கே தொடங்கி வாசிக்கலாம் என்றும் சொல்லுங்கள்.

கொக்குவிலிலிருந்து ஒரு வாசகி

*

அன்புள்ள தங்கச்சிக்கு,

உங்கள் கோபம் நியாயமானது. அதை முதலில் எடுக்கிறேன்.

எங்கள் ஊரில் கடமை என்று சுமத்தப்பட்டவற்றில் பெரும்பாலானவை ஓநீலின் சோதனையில் தேறாது. ஜேர்மன் மெய்யியலாளர் காண்டைப் பின்பற்றி அவர் கேட்கும் கேள்வி இது: நான் எதை அடிப்படையாக வைத்து நடக்கிறேனோ, அதையே எல்லோரும் அடிப்படையாக வைத்து நடக்க முடியுமா? மிரட்டி வேலை வாங்குவதை எல்லோரும் தங்கள் நெறியாகக் கொள்ள முடியாது. மிரட்டப்படுகிறவருக்குத் தானாக முடிவெடுத்துச் செய்யும் வலுவே அங்கே பறிக்கப்படுகிறது. ஆகவே ஒரு சாதி இன்னொரு சாதிக்குச் செய்தே ஆகவேண்டும் என்று விதிக்கப்பட்ட ஊழியம் இந்தக் கணக்கில் கடமையே இல்லை. அதை விதித்தவர்தான் கடமை தவறியவர்.

மாவிட்டபுரத்தை நினைத்துப் பாருங்கள். சாதியைச் சொல்லி ஒருவரைத் தடுப்பதைக் குற்றமாக்கும் சமூகக் குறைபாடுகள் தடுப்புச் சட்டம் 1957 இலேயே வந்துவிட்டது. ஆனால் 1968 இல் மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயிலுக்குள் போக ஒடுக்கப்பட்ட சாதி மக்கள் வாசலில் சத்தியாக்கிரகம் இருக்கவேண்டி வந்தது. உரிமை சட்டத்தில் இருந்தது. கதவைத் திறக்கவேண்டியவர்கள் திறக்கவில்லை. ஓநீல் கடமையைப் பற்றிக் கதைக்கும்போது அவருடைய கண் இந்த ஆட்கள் மீதுதான் இருக்கிறது, வாசலில் நின்றவர்கள் மீது இல்லை.

சரி, உங்கள் தோட்டக்காரரிடம் வருவோம். அவர் கேட்டது நாற்பது, ஐம்பது வருடங்களாக ஓநீல் கேட்டுக்கொண்டிருக்கும் கேள்வி. 1948 இன் மனித உரிமைப் பிரகடனம் யார் யாருக்கு என்னென்ன கிடைக்கவேண்டும் என்று விரிவாகச் சொல்கிறது. எதை யார் செய்யவேண்டும் என்று வரும்போது சுருங்கிவிடுகிறது. என்னை அடிக்காதே, என் வாயை மூடாதே என்பவற்றில் பெரிய சிக்கல் இல்லை. அங்கே கடமை எல்லோருக்கும் உரியது, மீறியவரைச் சுட்டவும் முடியும். உணவு, மருத்துவம், தண்ணீர் போன்றவை வேறு விதம். யாராவது ஒருவர் அதைக் கொண்டுவந்து தரவேண்டும். அந்த ஒருவர் யார் என்று தீர்மானிக்காதவரை, உரிமை கேட்பவருக்குப் போய்த் தட்ட ஒரு கதவு இல்லை. தண்ணீரை மனித உரிமையாக ஐநா பொதுச்சபை 2010 இல் ஏற்றுக்கொண்டது. ஆனாலும் உங்கள் வகுப்பில் அந்த மனுசன் கேட்டதற்கு அந்தத் தீர்மானத்தில் நேரான பதில் கிடையாது.

எங்கள் குடாநாட்டில் இந்தச் சிக்கல் இன்னும் கூர்மையானது. ஆண்டு முழுவதும் ஓடும் ஆறு ஒன்றும் இல்லை. மாரி மழை சுண்ணாம்புக்கல்லுக்குள் இறங்கித் தங்குவதைத்தான் குடிக்கிறோம். சுன்னாகத்தில் கிணறுகளில் எண்ணெய் கலந்தபோது சுட்டிக்காட்ட ஒரு தரப்பு இருந்தது. வழக்குப் போட்டார்கள், 2019 இல் உயர் நீதிமன்றம் மின்னுற்பத்தி நிறுவனத்தை இழப்பீடு கொடுக்கச் சொன்னது. பசளையிலிருந்தும் கழிவிலிருந்தும் நிலத்தடி நீரில் கலக்கும் நைத்திரேற்று என்ற உப்பு அப்படியில்லை. குடிநீரில் லீற்றருக்கு 50 மில்லிகிராமுக்கு மேல் போகக்கூடாது என்பது உலக சுகாதார நிறுவனத்தின் அளவு. வலிகாமத்தில் பல கிணறுகள் அதைத் தாண்டியிருக்கின்றன. போத்தல் பால் கரைக்க அந்தத் தண்ணீரை எடுத்தால் கைக்குழந்தைக்கு ஆபத்து. இதற்கு யார்மேல் வழக்குப் போடுவது? வெங்காயத்துக்கு அள்ளிப் போட்ட பசளை, கிணற்றுக்குப் பக்கத்திலேயே வெட்டிய மலசலகூடக் குழி, பட்டி மாட்டுச் சாணம் எல்லாம் சேர்ந்தது. கேள்வி கேட்ட அந்த வயதானவரின் தோட்டமும் அதற்குள் அடங்கலாம்.

ஓநீலிடம் எனக்கு மிகவும் பிடித்த இடம் இதுதான். ஒருவருக்குத் தீங்கு செய்யாமை என்றால் அவரை நேரடியாகக் காயப்படுத்தாமல் இருப்பதோடு முடியாது, அவர் தங்கியிருக்கும் நிலத்தையும் நீரையும் கெடுத்து மறைமுகமாகக் காயப்படுத்தாமல் இருப்பதும் அதில் அடக்கம் என்கிறார். அப்படிப் பார்த்தால் தண்ணீரைக் கெடுக்காதிருக்கும் கடமை இன்றைக்கே எல்லோருக்கும் இருக்கிறது, எந்தத் திணைக்களமும் அறிவிக்கத் தேவையில்லை. கெட்டுப்போன தண்ணீருக்கு மாற்று வழி செய்யும் கடமையைத்தான் பங்கிட்டுக் கொடுக்கவேண்டும்: நீர்வழங்கல் சபைக்கு எவ்வளவு, பிரதேச சபைக்கு எவ்வளவு, கமநல சேவை நிலையத்துக்கு எவ்வளவு என்று.

அரசே எல்லாவற்றுக்கும் பொறுப்பு என்று விட்டுவிடுவதையும் அவர் ஏற்பதில்லை. உரிமைகளை மீறும் அரசிடமே அவற்றைக் காக்கும் பொறுப்பையும் கொடுத்துவிட்டு இருக்கிறோம் என்று 2005 இல் எழுதினார். இதை எங்களுக்கு விளக்கத் தேவையில்லை. அரசு தவறும் இடத்தில் யாருக்கு என்ன செய்யும் வலு இருக்கிறதோ, அந்த அளவுக்குப் பொறுப்பு அவர்களிடம் வருகிறது. உங்கள் நிறுவனமும் அதற்குள் வரும், ஊர்ச் சங்கத்துக்குக் காசு அனுப்பும் கனடாக்காரரும் வருவார்.

ஆனால் ஒரு இடத்தில் நான் ஓநீலோடு போகமாட்டேன். கடமை யாருக்கு என்று தீர்மானமாகாத உரிமை, உரிமை என்ற பேருக்கே தகுதியில்லாதது என்ற அளவுக்கு அவர் போகிறார். பொருளியலாளர் அமர்த்தியா சென் இதை மறுத்தார். உரிமைக் குரல்தான் பல தடவை அந்த நிறுவனங்களை உருவாக வைக்கிறது என்பது அவருடைய வாதம். எங்கள் அம்மாமாரைப் பாருங்கள். காணாமல் ஆக்கப்பட்டவர்களைத் தேடிக் கிளிநொச்சியில் 2017 பெப்ரவரியில் தெருவில் இருக்கத் தொடங்கினார்கள். காணாமல் போனோர் அலுவலகச் சட்டம் 2016 இலேயே நிறைவேறியிருந்தது. கடமை காகிதத்தில் பங்கிடப்பட்டிருந்தும் பிள்ளைகள் பற்றிய பதில் வரவில்லை. உண்மையை அறியும் அவர்களுடைய உரிமை யாருடைய மேசையிலும் சரியாகப் போய்ச் சேராததால் பொய்யாகிவிடாது. இதில் நான் உங்கள் பக்கம்.

வாசிப்பதற்கு 2002 இன் ரீத் உரைகளில் தொடங்குங்கள். பிபிசி வானொலிக்காகப் பேசியது, மொழி இலகு, மொத்தம் ஐந்து உரைகள். நம்பிக்கை பற்றியதுதான் பொருள் என்றாலும் கடமை பற்றிய அவருடைய வாதம் சுருக்கமாக அதில் இருக்கிறது. பஞ்சம் பற்றி 1986 இல் எழுதிய புத்தகத்தைப் பிறகு எடுக்கலாம். நீதியையும் நற்பண்பையும் பற்றிய 1996 ஆம் ஆண்டுப் புத்தகம் கடினம். மறைமுகத் தீங்கு பற்றிய பகுதி அதில்தான் வருகிறது, அதை மட்டும் முதலில் வாசித்தாலும் சரி. அடுத்த தண்ணீர் வகுப்புக்கு முன் வாசித்துவிடுங்கள்.

அன்புடன்,
அக்கா