மாயாஜாலமும் கொள்ளைத் திட்டமும் கலந்த 'மிஸ்ட்பார்ன்' தொடரின் முதல் நாவல் படிக்கத் தகுந்ததா?

தாராளமாகப் படிக்கலாம். பிராண்டன் சாண்டர்சனின் இந்த நாவல் 2006இல் வந்தது. இதில் மாயத்துக்கும் கணக்கு உண்டு. உலோகத் துகளை விழுங்கி உள்ளுக்குள் 'எரித்தால்'தான் சக்தி வரும். துகள் தீர்ந்தால் சக்தியும் போச்சு. எஃகை எரித்தால் சுற்றியுள்ள உலோகத்தைத் தள்ளலாம், இரும்பை எரித்தால் இழுக்கலாம்.

அந்தத் தள்ளலும் நாம் பள்ளியில் படித்த நியூட்டன் விதிதான். நம்ம மதுரை தெற்காவணி மூல வீதியில் ஒரு காசைக் கீழே போட்டு அதைத் தள்ளுகிறீர்கள் என்று வையுங்கள். தரை தடுப்பதால் காசு நகராது. நீங்கள்தான் நகைக்கடை மாடிகளுக்கு மேலே எழும்புவீர்கள். விதி முன்பே தெரிந்துவிடுவதால், கதாநாயகி வின் எப்படித் தப்பிப்பாள் என்று சண்டைக்கு நடுவே நாமும் சேர்ந்து யோசிக்கிறோம். எனக்கு ரொம்பப் பிடித்தது இதுதான்.

பேரரசனின் கருவூலத்தைக் காலி செய்து ஆட்சியையே கவிழ்ப்பதுதான் வின் சேரும் கொள்ளைக் கூட்டத்தின் தலைவன் கெல்சியரின் திட்டம். ஆளுக்கொரு வித்தை கைவசம் உண்டு. நடுவில் பிரபுக்களின் விருந்துகளில் கதை கொஞ்சம் இழுக்கும், பொறுத்துக்கொள்ளுங்கள். மதுரைக்காரர் என்றால், வாங்கும் முன் நத்தம் சாலையில் உள்ள கலைஞர் நூற்றாண்டு நூலகத்தில் ஒரு வார்த்தை கேட்டுப் பாருங்கள்.